ரஸ்ஸல் ஓகுங்: பிட்காயினுக்கு முன்னால் நடந்த கதை

கேள்வி இதுதான்: ரஸ்ஸல் ஓகுங் என்ற அமெரிக்கன் ஃபுட்பால் வீரர் சம்பளத்தில் பாதியை பிட்காயினில் வாங்கினார் என்று படித்தேன். அவர் உண்மையிலேயே பெரிய ஆட்டக்காரரா, இல்லை அந்த ஒரு செய்தியால் மட்டும் பேர் வாங்கியவரா? ஏஜென்ட் வைத்துக்கொள்ளாமல் தானே ஒப்பந்தம் பேசி ஏமாந்தார் என்கிறார்களே, அது சரியா? இந்த ஆட்டத்தில் நைஜீரியப் பெயர்கள் இத்தனை இருப்பது எப்படி?

பெரிய ஆட்டக்காரர்தான், அதில் சந்தேகம் வேண்டாம். 2010 டிராஃப்ட்டில், அதாவது லீக் அணிகள் வரிசையாகப் புது வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சியில், நாடு முழுக்க இருந்து வந்த கல்லூரி வீரர்களில் ஆறாவது ஆளாக எடுக்கப்பட்டவர். 11 சீசன் ஆடினார். லீக்கின் சிறந்த வீரர்களுக்கான புரோ பவுலுக்கு இரண்டு முறை தேர்வானார். லீக்கின் இறுதிப் போட்டியான சூப்பர் பவுலை வென்ற சியாட்டில் சீஹாக்ஸ் அணியில் இடது டேக்கிள் அவர்தான். பிட்காயின் செய்தி வந்தபோது அவருடைய ஆட்ட வாழ்க்கை ஏறக்குறைய முடிந்துவிட்டது. அங்கிருந்து தொடங்கினால் அவரைப் பற்றி ஒன்றும் விளங்காது. நான் பார்த்த வரையில் அவர் எடுத்த முடிவுகள் எல்லாமே ஒரே கேள்வியைச் சுற்றி வருபவை. என் உடம்பை வைத்து நான் செய்யும் வேலைக்கு யார் விலை பேசுகிறார்கள், பேசிய பணத்தில் எவ்வளவு உறுதியாக என் கைக்கு வரும்? அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால் ஒப்பந்தம், யூனியன் சண்டை, பிட்காயின் எல்லாம் ஒரே கோட்டில் வந்து நிற்கும்.

முதலில் அவர் பார்த்த வேலையைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் டிவியில் ஆட்டம் பார்ப்பவர்கள் கண் படாத இடம் அது. பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக் பெரும்பாலும் வலது கைக்காரர். பந்தை எறிய அவர் உடம்பைத் திருப்பும்போது இடது பக்கம் முதுகுக்குப் பின்னால் போய்விடுகிறது. அந்தப் பக்கத்தில் இருந்து யார் ஓடி வந்தாலும் அவருக்குத் தெரியாது. எதிரணிகள் தங்களுடைய அதிவேக ஆட்களை அங்கேதான் நிறுத்தும். அந்த ஆளைத் தடுக்கத் தனியாக நிற்பவர்தான் இடது டேக்கிள்.

ஓகுங் ஏறக்குறைய 6 அடி 5 அங்குலம், 310 பவுண்டு, அதாவது 140 கிலோ. அந்த உடம்பு பின்பக்கமாக ஓட வேண்டும் என்பதுதான் இந்த வேலையின் கொடுமை. பந்து அசைந்த கணத்தில் வலது காலால் தரையை உந்தி, இடது காலைப் பின்னோக்கிக் குறுக்காகச் சறுக்கவிட்டு, இடுப்பைத் தாழ்த்தி, முதுகை நேராக வைத்து நகர வேண்டும். கொஞ்சம் அதிகமாக வெளிப்பக்கம் போனால் எதிராளி உள்பக்கம் வெட்டிப் போய்விடுவான். போகத் தயங்கினால் வெளியே சுற்றிக்கொண்டு குவார்ட்டர்பேக்கின் முதுகில் இடிப்பான். கைகளை எதிராளியின் மார்புக்குள் வைக்கலாம், தோளுக்கு வெளியே பிடித்து இழுத்தால் 10 யார்டு அபராதம். இதை இரண்டரை, மூன்று வினாடி தாக்குப் பிடித்தால் போதும். அப்புறம் அடுத்த பந்து. ஒரு ஆட்டத்தில் இப்படி அறுபது எழுபது முறை. 59 முறை சரியாகச் செய்தால் யாரும் பெயர் சொல்ல மாட்டார்கள். ஒரு முறை தவறினால் ஸ்லோ மோஷனில் நாலு தடவை காட்டுவார்கள்.

இப்படி முன்வரிசையில் நின்று தடுக்கும் லைன்மேன்களுக்கு, பந்தோடு முன்னேறிய யார்டு கணக்கு கிடையாது, புள்ளி தரும் டச் டவுன் கணக்கு கிடையாது. அதனால் அவர்களுடைய மதிப்பு சந்தையில் பேசி முடிவாவதாகவே இருக்கிறது. பேசத் தெரிந்தவன் கை ஓங்கும்.

சரி, நைஜீரியா விஷயத்துக்கு வருகிறேன். ஓகுங் நைஜீரியாவில் இருந்து குடியேறிய குடும்பத்துப் பிள்ளை, பிறந்தது ஹூஸ்டனில். அமெரிக்காவில் நைஜீரியர்கள் அதிகம் வாழும் ஊர்களில் ஒன்று அது, தற்செயலாக அப்படி ஆகவில்லை. 1967 முதல் 1970 வரை பியாஃப்ரா போர் என்ற நைஜீரிய உள்நாட்டுப் போர் நடந்தது. அதற்குப் பிறகு எண்ணெய்ப் பணம் நைஜீரியாவுக்குள் வந்தபோது ஏராளமான இளைஞர்கள் அமெரிக்கக் கல்லூரிகளுக்குப் படிக்கப் போனார்கள். டெக்சஸ் சதர்ன் பல்கலைக்கழகம் போன்ற ஹூஸ்டன் கல்லூரிகள் அவர்களைச் சேர்த்துக்கொண்டன. எண்ணெய்த் தொழிலில் இரு நாட்டுக்கும் ஏற்கெனவே தொடர்பு இருந்தது. வெயிலும் புழுக்கமும்கூடப் பழக்கப்பட்டவைதான். எண்பதுகளில் நைஜீரியப் பொருளாதாரம் சரிந்து, ராணுவ ஆட்சிகள் மாறி மாறி வந்தபோது, படித்து முடித்துத் திரும்பலாம் என்று வந்தவர்களில் பலர் அங்கேயே தங்கிவிட்டார்கள். ஊரின் தென்மேற்குப் பக்கம் அலீஃப், பிசனெட் தெரு வட்டாரத்தில் ஜொல்லாஃப் சோறும் எகுசிக் குழம்பும் விற்கும் கடைகளும் தேவாலயங்களும் வந்தன. அதை ஒட்டிய ஃபோர்ட் பெண்ட் கவுண்டிக்குக் குடும்பங்கள் நகர்ந்தன. ஓகுங் படித்த ஜார்ஜ் புஷ் உயர்நிலைப் பள்ளி அந்தக் கவுண்டியில்தான் இருக்கிறது.

அந்த ஊருக்கு ஒரு நைஜீரிய நாயகன் ஏற்கெனவே இருந்தார் என்பதையும் மறக்கக் கூடாது. லாகோஸில் இருந்து 1980-ல் ஹூஸ்டன் பல்கலைக்கழகத்துக்கு வந்த ஹக்கீம் ஒலாஜுவான், 1994-லும் 1995-லும் ஹூஸ்டன் ராக்கெட்ஸ் அணிக்குக் கூடைப்பந்து சாம்பியன் பட்டம் வாங்கிக் கொடுத்தார். அப்போது ஓகுங்குக்கு ஆறு ஏழு வயது. ஃபுட்பாலில் வழி திறந்தவர் எனுகுவில் பிறந்த கிறிஸ்டியன் ஒகோயே. தடகள வீரராக அமெரிக்கா போனவர், பிறகு கன்சாஸ் சிட்டி சீஃப்ஸ் அணியில் 1989-ல் 1,480 யார்டு ஓடி லீக்கிலேயே முதலிடம் பிடித்தார். அடுத்த தலைமுறையில் கதையே மாறிப்போனது. அமெரிக்காவில் பிறந்த பிள்ளைகள், அல்லது சிறு வயதிலேயே வந்து சேர்ந்தவர்கள். பிரையன் ஒராக்போ, கெலெச்சி ஒசெமெலே இருவரும் ஹூஸ்டனில் வளர்ந்தவர்கள். அனம்ப்ராவில் பிறந்து 12 வயதில் அலபாமா வந்த அமோபி ஒகோயே 16 வயதில் கல்லூரியில் சேர்ந்து, 2007-ல் 19 வயதிலேயே ஹூஸ்டன் டெக்சன்ஸ் அணியால் பத்தாவது ஆளாக எடுக்கப்பட்டார்.

இதற்கு உடல்வாகுதான் காரணம் என்று சொல்லிவிட்டுப் போகிறவர்கள் நிறையப் பேர். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. பதினெட்டு கோடிக்கும் மேல் மக்கள் வாழும் ஒரு நாட்டைப் பற்றி அப்படிப் பொத்தாம் பொதுவாகச் சொல்லவே முடியாது. கண்ணுக்குத் தெரியும் காரணங்கள் இருக்கின்றன. அமெரிக்காவுக்கு வந்த நைஜீரியக் குடும்பங்கள் படிப்பில் வெறி பிடித்தவை. அங்கே வெளிநாட்டில் இருந்து குடியேறியவர்களில் மிக அதிகம் பட்டம் பெற்ற கூட்டங்களில் அவர்களும் உண்டு. கல்லூரிச் செலவோ யானை விலை. டெக்சஸில் பள்ளி ஃபுட்பால் என்பது ஊரே வெள்ளிக்கிழமை இரவு திரண்டு வரும் திருவிழா. உயரமாகப் பருமனாக ஒரு பையன் நடந்து போனால் பயிற்சியாளர் கூப்பிட்டுக் கேட்காமல் விட மாட்டார். அந்தப் பையன் ஆடினால் கல்லூரிப் படிப்பு முழுக்க இலவசம் என்று தெரிந்த பிறகு, ஆட்டத்தின் விதிகூடத் தெரியாத பெற்றோரும் சம்மதிக்கத்தானே செய்வார்கள்.

ஓகுங் போனது ஓக்லஹோமா ஸ்டேட் பல்கலைக்கழகம். ஸ்டில்வாட்டர் என்ற சின்ன ஊர், பயிற்சியாளர் மைக் கண்டி. 2006-ல் இருந்து நான்கு சீசன் ஆடினார். 2009-ல் பிக் 12 என்ற கல்லூரிப் பிரிவின் சிறந்த தாக்குதல் லைன்மேன் விருது வாங்கினார், நாட்டின் சிறந்த கல்லூரி வீரர்களுக்கான ஆல் அமெரிக்கன் பட்டியலிலும் இடம் பிடித்தார். பிறகு புகழ் பெற்ற டெஸ் பிரையன்ட் அதே அணியில் அவரோடு ஆடியவர்.

2010 ஏப்ரல் 22 இரவு நடந்த டிராஃப்ட்டைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பீட் கேரல் சீஹாக்ஸ் அணிக்குப் புதிதாக வந்த பயிற்சியாளர். அவர் அங்கே எடுத்த முதல் வீரர் ஓகுங். அதே இரவு பதினாலாவது இடத்தில் ஏர்ல் தாமஸை எடுத்தார். பிறகு சூப்பர் பவுல் வென்ற அணியின் அஸ்திவாரம் அன்றைக்கே போடப்பட்டது. ஓகுங் நிரப்ப வேண்டிய இடம் சாதாரண இடமும் இல்லை. வால்டர் ஜோன்ஸ் பத்து வருடத்துக்கு மேல் காத்த இடம், ஒன்பது புரோ பவுல் கண்டவர், பிறகு 2014-ல், மாபெரும் வீரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமுக்குப் போனவர். அவரும் 1997-ல் சரியாக ஆறாவது ஆளாக எடுக்கப்பட்டவர்தான். ஓகுங் எடுக்கப்பட்ட சில நாட்களில் ஜோன்ஸ் ஓய்வை அறிவித்தார். 22 வயதுப் பையன் தலையில் அந்த ஒப்பீடு முதல் நாளே ஏறிவிட்டது.

இங்கே பணத்தைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும், அவர் பின்னால் செய்ததற்கெல்லாம் மூலதனம் இதுதான். 2010 வரை டிராஃப்ட்டில் முதலில் எடுக்கப்பட்ட வீரர்கள் அணியோடு பேரம் பேசிச் சம்பளம் வாங்கலாம். அந்த வருடம் முதல் ஆளாகப் போன சாம் பிராட்ஃபோர்டுக்கு உத்தரவாதத் தொகை மட்டும் 50 மில்லியன் டாலர். ஓகுங்குக்கு ஆறு வருட ஒப்பந்தம், அதில் 29 மில்லியன் உத்தரவாதம். அடுத்த வருடமே லீக்குக்கும் யூனியனுக்கும் புது ஒப்பந்தம் வந்து, புதுமுகங்களின் சம்பளம் ஒரு கட்டத்துக்குள் அடைக்கப்பட்டது. 2011-ல் அதே ஆறாவது இடத்தில் எடுக்கப்பட்ட ஜூலியோ ஜோன்ஸுக்கு நான்கு வருடத்துக்கு 16 மில்லியன் சொச்சம்தான். ஒரு வருடம் தாமதித்து வந்திருந்தால் ஓகுங்கின் வாழ்க்கையே வேறு கணக்கில் போயிருக்கும். பழைய ஏற்பாட்டின் கடைசிப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டவர் அவர். அவருடைய துணிச்சலைப் பாராட்டுகிறவர்கள் இதை விட்டுவிடுகிறார்கள், எனக்கு அது நியாயமாகப் படவில்லை. கையில் 29 மில்லியன் இருந்தவன் எடுக்கக்கூடிய முடிவும், கடைசியான ஏழாவது சுற்றில் எடுக்கப்பட்டவன் எடுக்கக்கூடிய முடிவும் ஒன்றாக இருக்க முடியாது.

சியாட்டிலில் ஆறு வருடம். ஒரு சீசனைக்கூட அவர் முழு 16 ஆட்டமும் ஆடி முடிக்கவில்லை. முதல் வருடம் கணுக்கால். இரண்டாம் வருடம் நடந்தது இன்னும் கசப்பானது. 2011 டிசம்பர் 1, வியாழக்கிழமை ஆட்டம், எதிரே பிலடெல்பியா ஈகிள்ஸ். ஒரு பந்து முடிந்த பிறகு ட்ரென்ட் கோல் அவரைப் பிடித்துச் சுழற்றித் தரையில் போட்டார். மார்புத் தசை கிழிந்தது, சீசன் முடிந்தது. கோலுக்கு லீக் போட்ட அபராதம் 7,500 டாலர். அதே தசை கிழிந்தது அணிக்கும் வீரருக்கும் எத்தனை விலை என்று யோசித்தால் அந்தத் தொகையை என்ன சொல்வது?

2012-ல்தான் அவர் யாரென்று காட்டினார். 15 ஆட்டம் ஆடினார், புரோ பவுலுக்குப் போனார். அந்த வருடம்தான் ரஸ்ஸல் வில்சன் என்ற புது குவார்ட்டர்பேக் வந்தார். பந்தை எடுத்துக்கொண்டு இங்கும் அங்கும் ஓடி நேரம் இழுப்பவர். பார்ப்பவர்களுக்கு அது கொண்டாட்டம், இடது டேக்கிளுக்குத் தலைவலி. தன் முதுகுக்குப் பின்னால் குவார்ட்டர்பேக் எங்கே நிற்கிறார் என்று தெரியாமலே எதிராளியைத் தடுத்துக்கொண்டிருக்க வேண்டும். அதே சமயம் பந்தோடு ஓடும் வீரர் மார்ஷான் லிஞ்ச் போவதற்கு வழியும் வெட்ட வேண்டும். லைன் பயிற்சியாளர் டாம் கேபிள் சொல்லிக்கொடுத்த முறையில் ஐந்து லைன்மேன்களும் ஒரே திசையில் சாய்ந்து நகர்வார்கள், எதிராளி எங்கே ஒதுங்குகிறானோ அந்த இடைவெளியில் லிஞ்ச் வெட்டித் திரும்புவார். ஓகுங் போலக் கனமான ஆள் கால் வேகமும் வைத்திருந்ததால் அந்த முறை அவருக்குப் பொருந்தியது.

2013-ல் மறுபடியும் காயம், இந்த முறை கால் கட்டைவிரல் பகுதியில் தசைநார். இரண்டாவது வாரத்தில் போனவர் நவம்பரில்தான் திரும்பினார். ஆனால் முக்கியமான நேரத்துக்குத் திரும்பினார். 2014 பிப்ரவரி 2 அன்று சீஹாக்ஸ் டென்வர் பிராங்கோஸை 43-8 என்று நொறுக்கியது. அந்த அணியின் இடது பக்கத்தில் 76-ஆம் எண் சட்டையில் நின்றவர் ஓகுங். அடுத்த வருடமும் சூப்பர் பவுல் போனார்கள். கோல் கோட்டுக்கு ஒரு யார்டு தூரத்தில் வில்சன் எறிந்த பந்தை எதிரணியின் மால்கம் பட்லர் பிடித்துவிட, 28-24 என்று நியூ இங்கிலாந்திடம் தோற்றார்கள். அந்தக் கடைசிப் பந்தைப் பற்றி இங்கே மறுபடியும் ஆரம்பித்தால் முடியாது, விட்டுவிடுகிறேன்.

இப்போது நீங்கள் கேட்ட ஏஜென்ட் விஷயம். 2015 கோடையில், ஒப்பந்தத்தின் கடைசி வருடம் தொடங்கும் முன்பே, இனி எனக்கு ஏஜென்ட் வேண்டாம், நானே பேசிக்கொள்கிறேன் என்று ஓகுங் பகிரங்கமாக எழுதினார். இவர் ஆடிய லீக்கான என்எஃப்எல்லில், வீரருக்காக ஒப்பந்தம் பேசும் ஏஜென்ட்டுகள் அதிகபட்சம் 3 சதவீதம் வாங்கலாம். 50 மில்லியன் ஒப்பந்தத்துக்கு அது 15 லட்சம் டாலர். முன்னணி வீரர் ஒருவருக்கு சந்தையில் என்ன விலை என்பது எல்லோருக்கும் தெரிந்த விவரம், அதைச் சொல்ல எதற்கு இத்தனை பணம் என்பது அவர் வாதம்.

ஆனால் நேரம் சரியில்லை. 2016 ஜனவரியில் கரோலினாவுக்கு எதிரான பிளேஆஃப் ஆட்டத்தில் தோள் மூட்டு நழுவி, அறுவை சிகிச்சை செய்துகொண்டார். அந்தத் தோளோடுதான் சந்தைக்கு வந்தார். டென்வர் பிராங்கோஸ் மார்ச்சில் அவரை எடுத்தது. செய்தியில் வந்த எண் ஐந்து வருடம், 53 மில்லியன். உள்ளே பிரித்துப் பார்த்தால் வேறு மாதிரி இருந்தது. முதல் வருடத்துக்கு 5 மில்லியன், சில நிபந்தனைகள் நிறைவேறினால் 8 மில்லியன் வரை. கையெழுத்துப் போடும் நாளில் உத்தரவாதம் என்று எதுவும் இல்லை. அந்த வருடம் முடிந்ததும் அடுத்த நான்கு வருடம், 48 மில்லியன் என்பதை வேண்டும் என்றோ வேண்டாம் என்றோ சொல்லும் உரிமை அணிக்கு மட்டும். ஏஜென்ட்டுகள் சிரித்தார்கள். பத்தி எழுத்தாளர்கள் ஒருவர் விடாமல் மோசமான ஒப்பந்தம் என்று எழுதித் தள்ளினார்கள்.

இந்த லீக்கில் ஒப்பந்தம் எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்தால்தான் அந்தச் சிரிப்பை எடைபோட முடியும். பேஸ்பாலிலும் கூடைப்பந்திலும் எழுதிய தொகை பெரும்பாலும் வந்து சேரும். ஃபுட்பாலில் அப்படி இல்லை. உத்தரவாதம் என்று குறிப்பிட்ட பகுதி மட்டும்தான் உறுதி, மற்றதெல்லாம் அணி உங்களை வைத்துக்கொள்ளும் வரை. கால் உடைந்தால், அடுத்த வருடம் மலிவாக ஒரு இளைஞன் கிடைத்தால், போய் வா என்று சொல்லிவிடலாம். அதனால் 53 மில்லியன் என்ற தலைப்பில் ஒன்றுமே இல்லை.

என் கருத்தைச் சொல்கிறேன். 2016 ஒப்பந்தம் நல்ல ஒப்பந்தம் இல்லை. தேர்ந்த ஏஜென்ட் ஒருவர் இருந்திருந்தால் இரண்டு மூன்று மில்லியனாவது உத்தரவாதமாக எழுதி வாங்கியிருப்பார் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அறுவை சிகிச்சை செய்த தோளுக்கு அன்று பெரிய உத்தரவாதம் தர எந்த அணியும் வரிசையில் நிற்கவில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். ஒரு வருடம் ஆடிக் காட்டிவிட்டு மறுபடியும் சந்தைக்கு வரலாம் என்பது முட்டாள்தனமான கணக்கு இல்லை. அவர் ஆடியும் காட்டினார். 2016-ல் டென்வருக்கு 16 ஆட்டமும் தொடக்க வீரராக இறங்கினார், அவர் வாழ்க்கையில் அப்படி நடந்தது அந்த ஒரு சீசனில்தான். டென்வர் 9-7 என்று முடித்தது, ஆனால் அணி அந்த நான்கு வருட உரிமையைப் பயன்படுத்தவில்லை. 2017 மார்ச்சில் லாஸ் ஏஞ்சலஸ் சார்ஜர்ஸ் அணியோடு அவரே பேசி முடித்தது நான்கு வருடம், 53 மில்லியன், அதில் 25 மில்லியன் உத்தரவாதம். முதல் வருடமே இரண்டாவது புரோ பவுல்.

சிரித்தவர்கள் இந்த இரண்டாவது ஒப்பந்தத்தைப் பற்றி அவ்வளவாக எழுதவில்லை. அது கடைசி வருடம் வரை ஓடியது என்பதுதான் எனக்கு முக்கியம். லைன்மேன்களின் பெரிய ஒப்பந்தங்கள் பாதியிலேயே கிழிபடுவதுதான் வழக்கம். ஏமாந்தாரா என்று கேட்டீர்கள். ஒரு ஒப்பந்தத்தில் கொஞ்சம் இழந்தார், அடுத்ததில் அதற்கு மேல் எடுத்தார். அவருக்குப் பிறகு ரிச்சர்ட் ஷெர்மன் 2018-லும், பாபி வாக்னர் 2019-லும் ஏஜென்ட் இல்லாமல் பேசினார்கள். லாமர் ஜாக்சன் 2023-ல் 260 மில்லியனுக்குக் கையெழுத்துப் போட்டபோது அது ஒரு வினோதமாகவே பார்க்கப்படவில்லை.

2019 ஜூனில் நடந்தது இந்தக் கணக்குகளையெல்லாம் சில்லறையாக்கிவிட்டது. ரத்தக் கட்டி நுரையீரல் நாளத்தில் போய் அடைத்துக்கொண்டது. நெஞ்சில் ஏதோ சரியில்லை என்று உடனே அவசர சிகிச்சைக்குப் போனதுதான் உயிரைக் காப்பாற்றியது என்று அவரே பிறகு சொன்னார். 31 வயது, உச்ச உடல்திறனில் இருந்த ஆள். இப்படி ஒரு அடைப்பு வந்தால் ரத்தம் உறையாமல் இருக்க மாதக்கணக்கில் மருந்து சாப்பிட வேண்டும். அந்த மருந்து ஓடும் உடம்பு இடிபடக் கூடாது, சாதாரண அடிகூட உள்ளே கட்டுப்படாத ரத்தப்போக்காக முடியலாம். இடிபடுவதே வேலையாக இருப்பவருக்கு இதைவிடப் பெரிய தடை என்ன இருக்க முடியும்? பலர் அத்துடன் முடிந்தது என்றே நினைத்தார்கள். அக்டோபர் கடைசியில் சிகாகோ பேர்ஸ் அணிக்கு எதிராகத் திரும்பி வந்து ஆடினார். அந்த சீசனில் ஆடியது ஆறு ஆட்டம்தான். அவருடைய சாதனைகளில் இதை நான் சூப்பர் பவுல் மோதிரத்துக்குப் பக்கத்தில் வைப்பேன்.

அடுத்து யூனியன். வீரர்கள் சங்கத்தின் செயற்குழுவில் அவர் துணைத் தலைவர்களில் ஒருவராக இருந்தார். 2020 மார்ச்சில் லீக்குக்கும் சங்கத்துக்கும் இடையிலான புதிய பொது ஒப்பந்தம் வாக்கெடுப்புக்கு வந்தது. சீசனுக்கு 16 ஆட்டம் என்பதை 17 ஆக்கலாம் என்பது அதில் இருந்த பெரிய மாற்றம். செயற்குழு 6-5 என்று அதைப் பரிந்துரைக்க மறுத்தது. இருந்தும் அது வீரர்களின் வாக்குக்குப் போனது. ஓகுங் கடுமையாக எதிர்த்தார், சங்கத்தின் நிர்வாக இயக்குநர் நடந்துகொண்ட விதத்தை எதிர்த்து தேசியத் தொழிலாளர் உறவு வாரியத்தில் புகாரே கொடுத்தார். தலைவர் பதவிக்கு நின்றவர்களில் அவரும் ஒருவர், ஜே.சி. ட்ரெட்டர் வென்றார். பொது ஒப்பந்தம் 1,019-க்கு 959 என்ற கணக்கில் நிறைவேறியது. வெறும் 60 வாக்கு. 2021-ல் இருந்து 17 ஆட்டம்.

அந்தப் பதினேழாவது ஆட்டத்தை அவர் எதிர்த்ததில் அவர் பக்கமே நியாயம் என்பேன். மார்பு, தோள், கட்டைவிரல், நுரையீரல் என்று ஒவ்வொன்றாகக் கொடுத்தவருக்குத் தெரியும், கூடுதலாக ஒரு ஆட்டம் என்றால் லைனில் நிற்பவனுக்கு இன்னும் அறுபது மோதல். அதே சமயம், குறைந்தபட்சச் சம்பளம் வாங்கும் வீரர்களுக்கு அந்த ஒப்பந்தம் உடனடி உயர்வு கொடுத்தது, லீக்கில் அவர்கள்தான் பெரும் எண்ணிக்கை. அவர்கள் ஆம் என்று போட்டதைக் குறை சொல்லவும் முடியாது.

ஒரு வழியாக பிட்காயினுக்கு வந்துவிட்டோம். 2019 மே மாதமே, எனக்கு பிட்காயினில் சம்பளம் கொடுங்கள் என்று ட்விட்டரில் எழுதினார். லீக் கேட்கவில்லை. 2020 மார்ச்சில் சார்ஜர்ஸ் அவரை கரோலினா பாந்தர்ஸ் அணிக்கு மாற்றி, பதிலுக்கு ட்ரை டர்னரை வாங்கியது. தானே பேசி முடித்த அந்த 53 மில்லியன் ஒப்பந்தத்தின் கடைசி வருடம், 13 மில்லியன் டாலர். டிசம்பர் 29 அன்று, அதில் பாதி பிட்காயினாக மாறும் என்ற அறிவிப்பு வந்தது. இதைப் பலர் தப்பாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள். பாந்தர்ஸ் அணி அவருக்கு பிட்காயின் கொடுக்கவில்லை. அணி டாலரில்தான் கொடுத்தது. ஸ்ட்ரைக் என்ற சேவை அந்தச் சம்பளத்தில் ஒரு பகுதியைப் பெற்று பிட்காயினாக மாற்றி அவர் கணக்கில் சேர்த்தது. வரி டாலரில்தான்.

அன்று ஒரு பிட்காயின் ஏறக்குறைய 27,000 டாலர். 2021 நவம்பரில் 69,000-ஐத் தொட்டது. அப்போது, லீக்கிலேயே அதிகம் சம்பாதித்தவர் ஓகுங்தான் என்று ஒரு கணக்கு இணையத்தில் சுற்றியது. ஒரு வருடம் கழித்து 17,000-க்குக் கீழே போனபோது, பாவம் ஏமாந்துவிட்டார் என்று இன்னொரு கணக்கு சுற்றியது. இரண்டையும் நம்பாதீர்கள். என்எஃப்எல்லில் அப்போது சம்பளம் சீசன் நடக்கும்போது வாரம் வாரம் வந்தது. அந்த அறிவிப்பு வந்த நாளில் கரோலினாவுக்கு மிச்சம் இருந்தது ஒரே ஒரு ஆட்டம். ஆகவே 6.5 மில்லியனை அன்றைய விலையால் வகுத்து, இன்றைய விலையால் பெருக்கிச் சொல்லும் கணக்குக்கு அடிப்படையே இல்லை. எப்போது வாங்கினார், எப்போது விற்றார் என்பது அவருடைய சொந்த விஷயம்.

2021-ல் அவர் நைஜீரிய அதிபர் முகம்மது புகாரிக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார், நாடு பிட்காயினைத் தழுவ வேண்டும் என்று. அந்த வருடம் பிப்ரவரியில்தான் நைஜீரிய மத்திய வங்கி, பிட்காயின் போன்ற கிரிப்டோ நாணயப் பரிவர்த்தனைக்கு வங்கிகள் துணைபோகக் கூடாது என்று உத்தரவு போட்டிருந்தது. நைஜீரிய நாணயமான நைராவின் மதிப்பு சரிந்துகொண்டே போன காலம், வெளிநாட்டில் இருந்து வீட்டுக்குப் பணம் அனுப்புகிறவர்களும் சேமிப்பைக் காக்க நினைத்த இளைஞர்களும் கிரிப்டோ பக்கம் போனார்கள். ஒரு நாட்டின் பொருளாதாரத்தையே இப்படி ஏற்ற இறக்கம் உள்ள ஒன்றில் கட்டச் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை. ஆனால் அந்தக் கடிதத்தைப் பணக்கார விளையாட்டு வீரரின் பொழுதுபோக்கு என்று ஒதுக்கவும் மாட்டேன். மதிப்பு இழக்கும் காசில் சேமித்த குடும்பங்களின் பிள்ளைகளுக்கு இந்தக் கவலை எங்கிருந்து வருகிறது என்று தெரியும். அந்த வங்கித் தடை 2023 டிசம்பரில் விலக்கப்பட்டது.

பாந்தர்ஸ் அணிக்கு அவர் ஆடியது ஏழு ஆட்டம், கெண்டைக்கால் காயம் மிச்சத்தைத் தின்றது. அதற்குப் பிறகு அவர் எந்த அணிக்கும் ஆடவில்லை. மொத்தம் 131 ஆட்டம். ஹால் ஆஃப் ஃபேம் வாய்ப்பு உண்டா என்று அடுத்துக் கேட்பீர்கள். கிடையாது. வால்டர் ஜோன்ஸுக்கு ஒன்பது புரோ பவுல், இவருக்கு இரண்டு. காயம் இல்லாத ஓகுங் எவ்வளவு தூரம் போயிருப்பார் என்று பேசிக்கொண்டே இருக்கலாம், தேர்வுக்குழு அதற்கு வாக்குப் போடாது. சியாட்டில் அணி வரலாற்றில் ஜோன்ஸுக்குப் பிறகு வந்த இடது டேக்கிள்களில் முதல் பெயராக இவரைச் சொல்வேன்.

அவர் ஆட்டத்தைப் பார்க்க விருப்பம் இருந்தால் 2012 சீசன் ஆட்டங்களைத் தேடிப் பாருங்கள், உடம்பு ஒத்துழைத்த வருடம் அது. பந்தைத் தொடர வேண்டாம். ஒவ்வொரு பந்துக்கும் முதல் மூன்று வினாடி லைனின் இடது ஓரத்தில் இருக்கும் 76-ஆம் எண்ணை மட்டும் பாருங்கள். மார்ஷான் லிஞ்ச் இடது பக்கம் ஓடிய பந்துகளைத் திரும்பப் போட்டுப் பாருங்கள். அவர் முதல் அடியை எந்தத் திசையில் வைக்கிறார், கைகள் எதிராளியின் மார்புக்கு எவ்வளவு சீக்கிரம் போய்ச் சேருகின்றன என்பதை நாலைந்து பந்தில் பிடித்துவிடலாம்.